அச்சுக்கு முன் வாசித்துக் காட்டியவர்

அவருக்குக் காரைப் பின்னுக்கு எடுக்கத் தெரியாது. வன்னியில் ஓடும் வாகனங்களைப் பற்றிக் கிழமைக்கு ஒரு பக்கம் எழுதிக்கொண்டிருந்த ஒருவரைப் பற்றி இதை முதலில் சொல்வது குறும்புதான். ஆனால் உண்மை. பரந்தன் சந்தியிலிருந்து கொஞ்சம் தள்ளி இருக்கும் என் கராஜுக்குள் நேரே ஓட்டி வந்து நிறுத்துவார். போகும்போது இறங்கி நின்று, ஒருக்காத் திருப்பி விடுங்கோவன் அண்ணை என்று கார்த் திறப்பை நீட்டுவார். ஏ9 வீதியில் லொறியும் பஸ்ஸும் பறக்கிற நேரத்தில் அந்தச் சின்னக் காரை வீதி பார்க்கத் திருப்பி நிறுத்துவது என் வேலை. கூலி இல்லாத வேலை. எழுதுவது முழுப் பக்கம், ஓட்டுவது முன்பக்கம் மட்டும் என்று பகிடி பண்ணுவேன். சிரிப்பார், கோபிக்க மாட்டார்.

அப்போது அவருக்கு முப்பது வயது இருக்கும். எனக்கு ஐம்பது தாண்டிவிட்டது. இரணைமடுக் குளத்தின் கீழ் வயல் செய்யும் ஒரு யாழ்ப்பாணத்துக் குடும்பத்துப் பெண் பிள்ளை. கிளிநொச்சியில் அச்சாகி வந்த சின்ன வாரப் பத்திரிகை ஒன்றில் வாகனப் பக்கம் அவருடையது. எந்த ரயர் எவ்வளவு தூரம் ஓடும், காப்புறுதிக்காரர் எதற்கெல்லாம் கை விரிப்பார், புகைப் பரிசோதனைக்கு முன் என்ன பார்க்க வேண்டும், வாடகை வான்காரர் எந்த ஊருக்கு என்ன கேட்கிறார் என்று எழுதுவார். "வாங்கிற விலையைத்தான் எல்லாரும் கேக்கினம். வைச்சிருக்கிற விலையை ஆரும் கேக்கிறேல்லை" என்பது அவர் அடிக்கடி சொல்கிற கதை. அதைச் சொல்லிவிட்டுக் கொப்பியைத் திறப்பார். பள்ளிப் பிள்ளைகள் வைத்திருக்கும் கோடு போட்ட கொப்பி. அதைக் கண்டால் சந்தியில் இருக்கும் சாமான் கடைக்காரர் முதல் ரயர் ஒட்டுகிறவர் வரை எல்லாரும் விலையை இரண்டாம் தரம் யோசித்துத்தான் சொல்வார்கள்.

முதல் தடவை வந்தபோது எனக்கு அவர் யாரென்று தெரியாது. ரீச்சர் என்று நினைத்தேன். பிரேக் பிடிக்கும்போது கீச்சிடுகிறது என்றார். அவர் பார்த்துக்கொண்டு நிற்கப் பின் சக்கரங்களைக் கழற்றினேன். பிரேக் லைனிங் தேய்ந்து போயிருந்தது. மாற்ற வேண்டும் என்றேன். அது பொய் இல்லை. பின்னேரம் வந்து எடுக்கச் சொன்னேன்.

வாகன இறக்குமதி நின்று, பழைய கார்கள் பொன் விலைக்குப் போய்க்கொண்டிருந்த காலம் அது. சாமான்களுக்கும் அதே கதிதான். கடைக்குப் போனால் அந்தக் காருக்குரிய லைனிங் இல்லை, கொழும்பு லொறி வந்தால்தான் உண்டு என்றார்கள். நாளைக்கு வாங்கோ என்று அவருக்கு ஒரு வசனம் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பழைய லைனிங்கை அரத்தாளால் உரசி, தூசி தட்டித் திரும்பப் பூட்டினேன். சத்தம் நின்றுவிட்டது. இன்னும் சில மாதம் ஓடும், அடுத்த முறை வரும்போது மாற்றிவிடலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பின்னேரம் அவர் வந்தபோது புதியதை மாற்றியதாகத் துண்டு எழுதிக் காசு வாங்கினேன்.

கழற்றிய பழைய சாமானைத் தாருங்கோ என்று கேட்டார். கராஜ் வைத்திருப்பவர்களுக்கு இது புதிய கேள்வி இல்லை. இப்படிக் கேட்கிறவர்களுக்காகவே மூலையில் ஒரு பெட்டி இருக்கும். அதற்குள் எந்தக் காலத்து எந்த வண்டியின் தேய்ந்த சாமானும் கிடக்கும். கையை விட்டு இரண்டை எடுத்துப் பழைய பேப்பரில் சுற்றிக் கொடுத்தேன். நன்றி சொல்லி வாங்கிக்கொண்டார். வழக்கம் தொடங்கியது அன்றைக்குத்தான்: காரைத் திருப்பி விடச் சொன்னார், திருப்பி விட்டேன்.

இரண்டு நாள் கழித்துக் காலையில் சைக்கிளில் வந்தார். தான் யார் என்று அப்போதுதான் சொன்னார். அடுத்த கிழமை பத்திரிகையில் என் கராஜைப் பற்றி வரப்போகிறதாம். அச்சுக்குப் போக முன் அதை எனக்கு வாசித்துக் காட்ட வந்திருக்கிறாராம்.

"வீட்டில ஆரும் இருந்தாக் கூப்பிடுங்கோ அண்ணை. தனிய இருந்து கேக்கிறது கஷ்டம்."

கராஜுக்குப் பின்னால்தான் வீடு. என் மனைவி பிளேன்ரீயோடு வந்து நின்றாள். அவர் கதிரையில் இருந்து, கொப்பியை மடியில் வைத்து, ரேடியோவில் மரண அறிவித்தல் வாசிப்பவரைப் போல ஏற்ற இறக்கம் இல்லாமல் வாசிக்கத் தொடங்கினார். ஆறு கராஜ்களுக்கு ஒரே காரைக் கொண்டு போயிருக்கிறார். ஓரிடத்தில் ஒயில் பில்டர், ஓரிடத்தில் பிளக், என்னிடத்தில் பிரேக் லைனிங். போக முன் அந்தந்தச் சாமானில் மறைவான இடத்தில் சிவப்பு நகப்பூச்சால் ஒரு பொட்டு வைத்திருக்கிறார். அவருடைய நகங்களில் ஒரு நாளும் நான் பூச்சைக் கண்டதில்லை. அந்தச் சிவப்பெல்லாம் எங்களுக்காகத்தான்.

என்னைப் பற்றிய பகுதி நல்லதாகத்தான் தொடங்கியது. சக்கரத்தை வாடிக்கையாளருக்கு முன்னால் கழற்றினார், பழுதை விளங்கக்கூடியதாகச் சொன்னார், நட்டுகளை ஒழுங்காக இறுக்கினார், காரை வீதி பார்க்கத் திருப்பியும் தந்தார். இதெல்லாம் எழுதியிருந்தார். பிறகு அதே குரலில் மற்றதையும் வாசித்தார். சக்கரத்தை மறுபடி கழற்றிப் பார்த்தபோது சிவப்புப் பொட்டோடு பழைய லைனிங் அப்படியே இருந்தது. புதியது மாற்றியதாகக் காசு வாங்கப்பட்டது. பழையவை என்று தரப்பட்டவை இந்தக் காருடையவையே அல்ல, ஒரு வானில் கழற்றியவை.

பெட்டிக்குள் பார்க்காமல் கை விட்டதன் பலன். என் மனைவி என்னைப் பார்க்கவில்லை, தேத்தண்ணிக் கோப்பையையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நான் என்ன பதில் சொல்கிறேன் என்று கேட்டார். அதையும் அதே அளவு எழுத்தில் போடுவாராம். எனக்கு வாயில் முதலில் வந்தது பொய்தான். சாமான் கடைக்காரர் புதியது என்று தந்ததைப் பூட்டினேன், அவர் பழையதைத் தந்து ஏமாற்றியிருக்கலாம் என்றேன். அதை ஒரு எழுத்துப் பிசகாமல் எழுதினார். எனக்குத் திரும்ப வாசித்துக் காட்டினார். சரியா என்று கேட்டார். சரி என்றேன்.

"அப்ப நான் இப்பவே கடைக்குப் போய் அவருக்கும் இதை வாசிச்சுக் காட்டவேணும். அவரின்ர பேரும் வரப்போகுதெல்லே" என்று எழும்பினார்.

சைக்கிளின் ஸ்ராண்டைத் தட்டும் சத்தம் கேட்டது. அந்தக் கடைக்காரர் எனக்கு ஒரு கெடுதலும் செய்யாத மனிதர். நில்லுங்கோ தங்கச்சி என்று கூப்பிட்டேன். பெயரைப் போட வேண்டாம், கராஜை மூட வேண்டி வரும் என்று கெஞ்சினேன்.

இதை எழுதும்போதும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. ஆனால் என் பெயர் எனக்கு என்னவென்று சொன்னால்தான் விளங்கும். என் அப்பா மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்து தர்மபுரத்தில் குடியேறியவர். மற்றவர்களின் வயலில் கூலிக்கு நின்று எங்களை வளர்த்தார். நான் இருபது வருடம் லொறிகளுக்கு அடியில் கிடந்து இந்தக் கராஜைப் போட்டேன். மலையிலிருந்து வந்தவன் என்றாலும் கை சுத்தம் என்று ஊரில் சொல்வார்கள். அந்த 'என்றாலும்' எனக்குக் குத்தும். குத்தினாலும் அந்தப் பெயரைப் பொத்திப் பொத்தி வைத்திருந்தேன். என்னிடம் வேறு சொத்து இல்லை.

அவர் சைக்கிளைத் திரும்ப ஸ்ராண்டில் விட்டார். 

"பிழையெண்டாக் காட்டுங்கோ அண்ணை, இப்பவே வெட்டுறன். உண்மையெண்டா எனக்கு வெட்டேலாது. மற்ற அஞ்சு பேரின்ர பேரும் கிடக்கு."

எனக்குச் சாதாரணமாக வருவது இந்த ஊர்த் தமிழ்தான். இங்கேதான் வளர்ந்தேன். ஆனால் பயந்துவிட்டால் அப்பா வீட்டில் பேசிய தமிழ் வந்துவிடும். அன்றைக்கு அதுதான் வந்தது.

"மாத்தல தங்கச்சி. சாமான் கெடைக்கல. பழசையே ஒரசிப் போட்டுட்டுக் காசு வாங்கிட்டேன். தப்பு என்னோடதுதான்."

கடைக்காரர் பற்றிய வரியை ஒரு கோட்டால் வெட்டிவிட்டு இதை எழுதினார். திரும்பவும் வாசித்துக் காட்டினார். என் வாயில் வந்தபடியே இருந்தது, ஒரு சொல்லைக்கூட யாழ்ப்பாணத் தமிழுக்கு மாற்றவில்லை. காசைத் திருப்பிக் கொடுத்தேன், வாங்கிக்கொண்டு கையெழுத்து வைத்தார். காரைக் கொண்டு வாருங்கோ, இன்றைக்கே எங்கேயாவது தேடி மாற்றித் தருகிறேன் என்றேன். கார் வீட்டில் நிற்கிறது, அச்சில் வந்த பிறகு பார்ப்போம் என்றார். தேத்தண்ணியை மிச்சம் வைக்காமல் குடித்துவிட்டுப் போனார்.

பத்திரிகை வந்தது. என் பெயரோடு, என் வாசகத்தோடு.

மூன்று கிழமை கராஜுக்குள் ஒரு வண்டி வரவில்லை. வண்டி தூக்கும் ஜக்குக்குப் பக்கத்தில் நாய் வந்து படுத்துக்கொண்டது, எழுப்ப வேண்டிய தேவையும் இருக்கவில்லை. அவரை வாய்க்கு வந்தபடி திட்டினேன். என் மனைவி என்னோடு கதைக்கவில்லை. பத்திரிகையில் வந்ததற்காக என்று நினைத்தேன். அதற்காக இல்லையாம். "அந்தப் பிள்ள அந்த பிரேக்க நம்பி ரெண்டு நாள் ரோட்டுல போயிருந்தா?" என்று ஒரு நாள் கேட்டாள்.  அன்றைக்கே அந்தப் பழைய சாமான் பெட்டியை இரும்புக்காரரிடம் கொடுத்துவிட்டேன்.

நான்காம் கிழமை தர்மபுரத்திலிருந்து ஒரு லொறிக்காரர் வந்தார். ஆறு கராஜில் பிழை பிடிபட்டது இரண்டில், மற்றவன் இன்னும் பத்திரிகைக்காரரோடு சண்டை பிடிக்கிறான், ஒப்புக்கொண்டது நீ ஒருவன்தான், அதனால் வந்தேன் என்றார். அவருக்குப் பின்னால் ஒவ்வொருவராக வந்தார்கள். வந்தவர்கள் சும்மா வரவில்லை. பிளக்கில் பொட்டு, பில்டரில் பொட்டு, பான் பெல்ட்டில் பொட்டு. மனைவியின் மினுங்கும் றோஸ் நிறப் பூச்சை எடுத்து ஹோன் வரைக்கும் பூசிக்கொண்டு வந்தார் ஒருவர். வற்றாப்பளைப் பக்கத்துப் பூசகர் ஒருவருக்கு வீட்டில் நகப்பூச்சு இல்லை போலும், பற்றரிக்குக் குங்குமம் வைத்துக் கொண்டுவந்தார். மழைத் தண்ணியில் அது கரைந்து ஓடி, பற்றரியை மாற்றிவிட்டேனோ என்று அவர் சந்தேகப்பட, இரண்டு பேரும் அரை மணித்தியாலம் அதைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தோம். கழற்றும் பழைய சாமானை யாரும் கேட்க முன்னமே பையில் போட்டுச் சீற்றில் வைக்கும் பழக்கம் எனக்கு அப்போது வந்ததுதான்.

பிறகு அவரே காரைக் கொண்டுவந்தார், லைனிங் மாற்ற. ஊரில் இத்தனை கராஜ் இருக்க என்னிடம் ஏன் வந்தீர்கள் என்று கேட்டேன். பிழைத்த இடத்தைத்தான் திரும்பவும் பார்க்க வேண்டும், சரியான இடத்தை இன்னொரு முறை பார்த்து என்ன பிரயோசனம் என்றார். மாற்றினேன். அவர் வேறிடத்தில் கழற்றிச் சரி பார்த்திருப்பார் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அடுத்த கிழமை அதே பக்கத்தில் இரண்டு வரி வந்தது: திரும்பப் போனோம், மாற்றியிருக்கிறார். புகழ்ச்சி ஒன்றும் இல்லை. என் மனைவி அதை வெட்டி அலுமாரிக் கதவில் ஒட்டினாள்.

அதன்பின் அவர் வாடிக்கையாகிவிட்டார். பெற்றோல் வரிசை நீண்ட காலத்தில் காரைப் பூட்டிவிட்டுச் சைக்கிளில் வருவார். ஓடாமல் நிற்கும் காருக்கு என்ன செலவு என்று அப்போது அவருக்கு ஒரு கேள்வி பிறந்துவிட்டது. பற்றரி எத்தனை நாளில் இறங்கும், ரயர் ஒரே இடத்தில் நின்றால் என்ன ஆகும், எலி வயரைக் கடித்தால் காப்புறுதி தருமா என்று கேட்டுக் கேட்டு என்னைக் களைக்க வைத்தார். வரிசையில் நின்றவர்கள் அந்தக் கட்டுரையை ஒருவருக்கொருவர் கொடுத்து வாசித்தார்கள். வேறு வேலை இல்லைத்தானே.

அவரும் பிழை விட்டார். வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்குப் போன வான்களின் வாடகை பற்றி எழுதியபோது, முல்லைத்தீவு வான்காரர் ஒருவர் இரட்டிப்பாக வாங்கினார் என்று போட்டுவிட்டார். வான்காரர் வீட்டில் இல்லாததால் அவருடைய தம்பிக்கு வாசித்துக் காட்டியிருக்கிறார், தம்பி தலையாட்டியிருக்கிறார். உண்மையில் அந்த மனிதர் விடியும்வரை கோயிலடியில் காத்து நின்று சனத்தைத் திருப்பியும் கொண்டுவந்திருக்கிறார். இரண்டு பயணத்துக்கும் சேர்த்த காசு அது. அவருடைய வான் என் கராஜில் கிளச்சுக்கு நின்ற நாளில் இவர் தேடி வந்தார். பெரிய குரல்காரர் அந்த வான்காரர், கண்டதும் ஏசத் தொடங்கினார். இவர் அதை முழுக்கக் கேட்டுக்கொண்டு நின்றார். பிறகு கொப்பியைத் திறந்து, தான் எழுதியது பிழை, உரியவரைக் காணாமல் எழுதியது அதைவிடப் பெரிய பிழை என்று அடுத்த கிழமை வரப்போவதை வாசித்தார். இருந்து வாசிக்கவில்லை, நின்று வாசித்தார். ஒரு வரியில் தடுக்கி, அதைத் திரும்பவும் வாசித்தார். இடையில் வான்காரருக்கே பொறுக்கவில்லை, விடுங்கோ பிள்ளை, போதும் என்றார். இவர் நிறுத்தவில்லை, முடிவு வரை வாசித்தார். என்னைப் பற்றி வாசித்த நாள் தொட்டு இருந்த கோபத்தில் கடைசித் துளியும் எனக்கு அன்றைக்குத்தான் போனது.

அச்சுக்கு முன் வாசித்துக் காட்டும் அந்தப் பழக்கம்தான் அவருடைய பக்கத்தையும் முடித்தது. தவணை பிந்தியவர்களின் முச்சக்கர வண்டிகளை ஒரு லீசிங் கொம்பனி எப்படிப் பிடுங்குகிறது என்று இரண்டு மாதம் அலைந்து எழுதினார். வவுனியாவில் அதன் முகாமையாளருக்கு வாசித்துக் காட்டப் போனார். குளிர் அறைக்குள் இருத்தி, சோடா கொடுத்து, பொறுமையாகக் கேட்டாராம். ஒரு பிழையும் சொல்லவில்லையாம். இவர் பஸ் ஏறிக் கிளிநொச்சிக்கு வருவதற்குள் பத்திரிகை முதலாளிக்குப் போன் போய்விட்டது. விளம்பரம் இல்லாமல் பத்திரிகை இல்லை. கட்டுரை வரவில்லை, இரண்டு கிழமையில் பக்கமும் நின்றுவிட்டது.

எனக்கு ஆற்றாமையாக இருந்தது. வாசித்துக் காட்டாமல் விட்டிருந்தால் அச்சில் வந்திருக்குமே என்று கேட்டேன்.

"ஓம் அண்ணை, வந்திருக்கும். பெரிய ஆளெண்டு அவருக்குச் சொல்லாமல் போட்டிட்டு, பிறகு எந்த முகத்தோட நான் உங்களிட்டை வாறது?"

நான் ஸ்பானரைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

சில மாதம் கழித்துத் திருகோணமலைப் பக்கம் ஒரு பாடசாலை அலுவலகத்தில் அவருக்கு வேலை கிடைத்தது. காரை விற்றுத்தான் அங்கே வீட்டுக்கு முற்பணம் கட்ட வேண்டும். முள்ளியவளையிலிருந்து ஒரு புதுத் தம்பதி போனில் விலை பேசி, மத்தியானம் வந்து பார்ப்பதாகச் சொல்லியிருந்தார்கள். மறுநாள் காலை வேலைக்குக் கையெழுத்துப் போட வேண்டியவர், அவ்வளவு நேரம் நிற்க முடியாது. காலையில் காரை என் கராஜில் விட்டுத் திறப்பைத் தந்தார். வண்டியை முழுக்கப் பார்த்து, இருக்கும் பழுதையெல்லாம் வருகிறவர்களுக்குச் சொல்லிவிடச் சொன்னார். பையைத் தூக்கிக்கொண்டு பஸ் தரிப்புக்குப் போனார்.

பார்த்தேன். ஒயில் கசிவு, முன் இடது பக்கத்துச் சொக் அப்சோபர், இதெல்லாம் அவருக்கும் தெரிந்தவை. கடைசியாகப் பின் சீற்றுக்குக் கீழே விரிப்பைத் தூக்கினேன். தகடு துருப்பிடித்துப் போயிருந்தது. விரலால் அழுத்தினேன், விரல் கீழே போய்விட்டது. இது அவருக்குத் தெரியாது. வெட்டி ஒட்டுவது சின்ன வேலை இல்லை. விரிப்பைத் திரும்பப் போட்டுவிட்டால் வாங்குகிறவர்களுக்கு ஒரு வருடத்துக்குத் தெரியவராது. அவருக்கு முற்பணம் கிடைத்துவிடும். அந்தப் பிள்ளைக்கு நான் பட்ட கடனுக்கு இதையாவது செய்தால் என்ன என்று மனம் சொன்னது. உண்மையைச் சொல்கிறேன், விரிப்பைப் பிடித்தபடி நெடுநேரம் இருந்தேன்.

தம்பதி வந்தார்கள். எழுதி வைத்திருந்த தாளை எடுத்து ஒவ்வொன்றாக வாசித்தேன். கடைசி வரியை வாசித்து, விரிப்பைத் தூக்கிக் காட்டினேன். இருவரும் தள்ளிப்போய் நின்று கதைத்துவிட்டு வந்தார்கள். நான் பயந்ததைவிட அதிகமாகவே விலையைக் குறைத்துக் கேட்டார்கள்.

அவருக்குப் போன் எடுத்தேன். பஸ் வவுனியா தாண்டியிருந்தது. அடித்தகடு போய்விட்டது தங்கச்சி, இவ்வளவுதான் தருவார்களாம் என்றேன்.  அந்தக் காசு அவருக்கு எவ்வளவு தேவை என்று எனக்குத் தெரியும். வேறு கராஜில் ஒருக்காக் காட்டச் சொல்லுவார், படம் எடுத்து அனுப்பச் சொல்லுவார் என்று காத்திருந்தேன். நான் எழுதினதை முழுக்க வாசிக்கட்டோ, கேட்டிட்டு முடிவு சொல்லுங்கோ என்றேன்.

"வேண்டாம் அண்ணை. நீங்கள் பாத்ததெண்டா எனக்குப் போதும். அந்த விலைக்கே குடுங்கோ."

பஸ் இரைச்சலில் எனக்குக் கேட்கவில்லை என்று நினைத்து அதையே இரண்டாம் முறையும் சொன்னார். எனக்கு முதல் முறையே கேட்டிருந்தது.